அத்தையின் எட்டுச் சந்திப்புகள்

எங்கள் வீட்டில் கம்ப்யூட்டர் ஒன்றுதான். அதில் கேம் ஆடுகிறவர்கள் மூன்று பேர்: நான், என் மனைவி, அவளுடைய அம்மா. மூவரில் அதிக நேரம் அதன்முன் உட்காருவது அத்தைதான்.

அத்தை முப்பது வருடம் ஒரு பஸ் டிப்போவில் டிரைவர்களுக்கு ஷிப்ட் எழுதிக்கொடுத்தவர். எந்த வண்டி எத்தனை மணிக்கு எந்தத் தடத்தில் போக வேண்டும் என்பதெல்லாம் அவர் பேனா வழியாகத்தான் முடிவாகும். ஆனால் அவர் ஒருநாளும் ஸ்டியரிங்கைத் தொட்டதில்லை. ஓய்வு பெற்ற மறுமாதம், பொழுது போகட்டும் என்று என் மனைவி ஒரு லாரி ஓட்டும் கேமைப் போட்டுக்கொடுத்தாள். அது ஏழு வருடத்துக்கு முந்தைய கதை. நான் மருந்துக் கிடங்கிலிருந்து வீடு திரும்பும்போது அவர் ஆட்டத்தை முடித்து நாற்காலியைக் காலி செய்திருப்பார். இருக்கை மட்டும் சூடாக இருக்கும்.

எனக்கும் அவருக்கும் சண்டை கிடையாது. பேச்சும் கிடையாது. "சாப்டீங்களா மாப்பிள்ளை?" "ஆச்சு அத்தை." "மழை வரும் போலருக்கு." "ஆமா அத்தை." இதைத் தாண்டி நாங்கள் போனதில்லை. ஒரே அறையில் நான் புத்தகத்தோடும் அவர் துணி மடித்துக்கொண்டும் ஒரு மணி நேரம் ஒரு சொல்கூட இல்லாமல் இருந்திருக்கிறோம். எனக்கு அது பிடித்திருந்தது. அவருக்கும் பிடித்திருக்கிறது என்று நானாக நினைத்துக்கொண்டிருந்தேன். கேட்டதில்லை.

கம்ப்யூட்டருக்குள் மூன்று டிஸ்க்குகள் இருந்தன. விண்டோஸ் இருக்கும் சின்னது எப்போதும் நிரம்பி வழியும். நடுவில் ஒன்று. மூன்றாவது பழைய ஹார்ட் டிஸ்க், கொஞ்ச நாளாக டக் டக் என்று நாக்கைச் சொடுக்கிக்கொண்டிருந்தது. அது போய்ச் சேருவதற்குள் எல்லாவற்றையும் ஒரே இடத்துக்குக் கொண்டுவந்துவிட வேண்டும் என்று பெரிய எஸ்.எஸ்.டி. டிஸ்க் ஒன்றை வாங்கி மாட்டினேன்.

டிஸ்க் மட்டும் பிரச்சினை இல்லை. நாங்கள் கேம் வாங்கிய கடைகள் ஐந்து. கடைக்கு ஒரு லாஞ்சர், அதாவது கேமைத் திறந்துவிடும் புரோகிராம். கம்ப்யூட்டரைப் போட்டதும் ஐந்தும் முண்டியடித்துக்கொண்டு முன்னால் வரும். ஒன்று பாஸ்வேர்டு கேட்கும், ஒன்று அப்டேட் கேட்கும், ஒன்று தள்ளுபடி என்று கூவும். எந்த கேம் எந்தக் கடையில் வாங்கியது, எந்த டிஸ்க்கில் இருக்கிறது என்பது எங்கள் யாருக்கும் தெரியாது. ஒரே கேம் இரண்டு டிஸ்க்கில் இரண்டு தடவை உட்கார்ந்திருந்தது. கிடங்கில் வேலை பார்ப்பவனுக்கு இது எவ்வளவு வலிக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

எனக்கு வார விடுமுறை வியாழக்கிழமை. அந்த வாரம் அத்தை தன் தங்கை வீட்டுக்குப் போயிருந்தார். சித்திக்குக் கண் ஆபரேஷன். நாலு மணி நேரத்துக்கு ஒருமுறை சொட்டு மருந்து விட ஆள் வேண்டும். சனிக்கிழமை சாயங்காலம்தான் திரும்புவார். இதைவிட நல்ல நாள் கிடைக்காது.

"உன் இஷ்டம். என்னோடதுல மட்டும் கை வைக்காத," என்று சொல்லிவிட்டு மனைவி வேலைக்குக் கிளம்பினாள். அவள் பிசியோதெரபிஸ்ட். கை வைப்பது அவள் தொழில். அதனால் மற்றவர்கள் கை வைப்பதில் நம்பிக்கை கிடையாது.

காலை எட்டு மணிக்குத் தொடங்கினேன். முதல் லாஞ்சர் பெருந்தன்மையானது. இடம் மாற்று என்றால் கேமைத் தானே தூக்கிக்கொண்டு போய்விடும். இரண்டாவதற்கு அந்த நல்ல குணம் இல்லை. ஃபோல்டரை நாமே புது டிஸ்க்குக்கு நகலெடுத்து வைத்துவிட்டு, புதிதாக இன்ஸ்டால் செய்வதுபோல நடிக்க வேண்டும். அது டவுன்லோடு செய்யக் கிளம்பி, எல்லாம் இங்கேயே கிடக்கிறதே என்று திகைத்து நின்றுவிடும். மற்ற மூன்றும் இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட குணம். பதினொரு மணிக்கு, ஐந்து கடைச் சரக்கையும் ஒரே பட்டியலில் காட்டும் ஒரு லாஞ்சரைப் போட்டு எல்லாவற்றையும் அதில் சேர்த்தேன். இருநூற்றுப் பன்னிரண்டு கேம்கள், அகர வரிசையில். எழுந்து நின்று பார்த்தேன். மனத்துக்குள் யாரோ ஜன்னலைத் திறந்துவிட்ட மாதிரி இருந்தது.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம்.

கிடங்கில் எங்களுக்கு ஒரு விதி உண்டு: ஒரு வருடமாக அசையாத சரக்கு அலமாரியை விட்டு இறங்க வேண்டும். லாஞ்சரில் ஒவ்வொரு கேமுக்குப் பக்கத்திலும் எத்தனை மணி நேரம் ஆடப்பட்டது என்று போட்டிருக்கும். அதை வரிசைப்படுத்தினேன். முப்பத்துநான்கு கேம்களுக்கு நேரே சைபர். அவற்றில் ஒன்று ஒரு லாரி கேமின் பழைய பதிப்பு. அதன் புதிய பதிப்பும் பட்டியலில் இருந்தது, நாற்பத்தோரு மணி நேரத்தோடு. அத்தையுடையது அதுதான் என்று அதைப் பத்திரமாகப் புது டிஸ்க்குக்கு மாற்றினேன். மருமகன் என்றால் இப்படி இருக்க வேண்டும் என்றுகூட ஒரு கணம் தோன்றியது. சைபர்கள் முப்பத்துநான்கையும் அழித்தேன். டெஸ்க்டாப்பில் இறைந்து கிடந்த ஐகான்களைத் துடைத்தேன். பழைய டிஸ்க்கைத் தூக்கிப் போடப்போகிறோமே என்று அதற்கு ஃபார்மேட் கொடுத்தேன். விரைவு ஃபார்மேட் அல்ல, முழு ஃபார்மேட், எதையும் மீட்க முடியாதபடி. நான் எதையும் அரைகுறையாகச் செய்வதில்லை.

நாலு மணிக்கு ஃபார்மேட் முடிந்தது. நாலே காலுக்குக் கம்ப்யூட்டர் மணியடித்தது. திரையில் ஓர் அழைப்பு: "ரிவர்ஸ்". அத்தையின் ஹெட்செட்டை எடுத்துக் காதில் வைத்தேன்.

"எழுபது, மேப் ஒட்டி முடிச்சாச்சா?" என்றது ஒரு பெண் குரல். "ஞாயித்துக்கிழமை பத்து மணிக்குக் கெளம்பணும்ல. எல்லாரும் என்னைப் போட்டுக் கொடையறாங்க."

"நீங்க யாரைக் கேக்கறீங்க?" என்றேன்.

"எழுபது இல்லையா? நீங்க யாரு?"

"அவங்க மருமகன்."

"அச்சச்சோ, பேசாத மாப்பிள்ளையா?"

இதற்கு என்ன பதில் சொல்வது என்று தெரியாமல் பேசாமல் இருந்தேன். அதையே அந்தப் பெண் பதிலாக எடுத்துக்கொண்டார்.

அவர் ஒரு மருந்துக் கடைக்காரர். லாரியைப் பின்னால் எடுக்க வராது என்பதால் அந்தப் பட்டப்பெயர். அத்தை எழுபதுக்கு மேல் வேகம் போக மாட்டார், யாரையும் போகவும் விட மாட்டார்; அதனால் எழுபது. மொத்தம் பத்துப் பேர். வாரந்தோறும் ஞாயிற்றுக்கிழமை, நான் கிடங்கில் இருக்கும் நேரத்தில், பத்து லாரிகள் வரிசையாகப் போகும். முன்னால் அத்தை. ஐந்து மாதமாக இவர்கள் தங்களுக்கென்று ஒரு சாலை வரைந்துகொண்டிருந்தார்கள். ஒன்பது பேர் ஆளுக்கு ஒரு சாலைத் துண்டு. அந்த ஒன்பதையும் இணைக்கும் எட்டுச் சந்திப்புகளும் அத்தையின் வேலை. ஞாயிற்றுக்கிழமை முதல் பயணம்.

"எந்த லாரி கேம்ல?" என்று கேட்டேன். தெரிந்தே கேட்டேன்.

"பழசுலதான். புதுசு லாஞ்சர் வழியாத்தான் தெறக்குமாம், அவங்களுக்குப் புடிக்கல. நாலு வாரம் ஓட்டிட்டு விட்டுட்டாங்க."

அத்தைக்கு லாஞ்சர் என்றால் ஆகாது. பாஸ்வேர்டு கேட்டு மானத்தை வாங்குகிறது என்று, ஏழு வருடமாக டெஸ்க்டாப்பில் இருந்த ஐகானை நேரே தட்டித்தான் கேமைத் திறந்திருக்கிறார். லாஞ்சரின் கண்ணில் அவர் படவே இல்லை. அது எண்ணிய சைபரை நான் நம்பினேன். மேப்பும் அந்த கேமின் ஃபோல்டருக்குள்ளேயே இருந்திருக்கிறது. கேம் மட்டும் போயிருந்தால் திரும்ப டவுன்லோடு செய்துகொள்ளலாம். சந்திப்புகள் எட்டும் எந்தக் கடையிலும் கிடைக்காது.

ஆறு மணிக்கு மனைவி வந்தாள். சொன்னேன். கைப்பையை இறக்காமலே நின்று கேட்டாள்.

"ஃபார்மேட்டா?"

"ஃபார்மேட்."

"முழுசாவா?"

"முழுசா."

அவள் உட்கார்ந்து, வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். கண்ணில் தண்ணீர் வந்த பிறகு நிறுத்தினாள். "அம்மாவுக்குப் போன் பண்ணு."

"மொதல்ல மத்த ஒம்போது துண்டையும் வாங்கிடறேன். அப்பறம் சொன்னா கொஞ்சம் குத்தம் கம்மியாத் தெரியும்."

ரிவர்ஸ் வழியாகக் குழுவில் செய்தி போனது. எட்டு மணிக்குள் ஒன்பது துண்டுகளும் வந்துவிட்டன. கடைசித் துண்டை அனுப்பியவர் ஹாரன் என்று ஒருவர், ஆம்புலன்ஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். அவர் செய்தி போடாமல் நேரே கூப்பிட்டுப் பேசினார்.

"தம்பி, எழுபதுக்கு விஷயம் தெரியுமா?"

"இன்னும் சொல்லலைங்க."

அவர் குரலைத் தாழ்த்தினார். பிறகு, "நாங்க யாரும் இந்தப் பேச்சுலயே இல்ல, என்ன?" என்றார்.

கேமைப் புது டிஸ்க்கில் மறுபடி இறக்கினேன். ஒன்பது துண்டுகளையும் அதில் வைத்தேன். ஒன்பது சாலைகள் எங்கோ தொடங்கி வெட்டவெளியில் போய் முடிந்தன. அவற்றைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பின்னாலிருந்து ஒரு கை என் காதில் போனை வைத்து அழுத்தியது. மறுமுனையில் ஏற்கெனவே மணி அடித்துக்கொண்டிருந்தது. மனைவி அப்படித்தான், சொல்லிப் பார்ப்பாள், அப்புறம் செய்துவிடுவாள்.

"சொல்லும்மா," என்றார் அத்தை.

"நான்தான் அத்தை."

"மாப்பிள்ளையா? யாருக்கு என்ன ஆச்சு?"

நான் போன் செய்கிறேன் என்றால் யாருக்கோ ஏதோ ஆகிவிட்டது என்றுதான் அர்த்தம். யாருக்கும் ஒன்றும் இல்லை என்று சொல்லி, நடந்ததை வரிசையாகச் சொன்னேன். நான் அவரிடம் அத்தனை வாக்கியங்கள் சேர்ந்தாற்போல் பேசியது அதுதான் முதல் தடவை. முடித்ததும் மௌனம். எனக்கு மௌனங்களில் நல்ல பழக்கம் உண்டு. எது வசதியானது, எது கோபமானது என்று தரம் பிரித்துவிடுவேன். இது எந்த அலமாரியிலும் பொருந்தவில்லை.

"சந்திப்பெல்லாம் போச்சா?"

"எட்டும் போச்சு அத்தை."

"அந்த டக் டக் சத்தம் போடறதுலயா வெச்சிருந்தேன்?"

"ஆமா."

"அப்ப எப்படியும் ஒருநாள் போயிருக்கும்." நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது. "மூணு வாரம் ஆச்சு, அதப் போட. இப்ப நான் அங்க வரவும் முடியாது. இவ கண்ணைக் கசக்காமப் பாத்துக்கணும். நாளைக்கு லீவு போட முடியுமா உங்களால?"

"முடியும்."

"பேப்பரும் பேனாவும் எடுத்து வைங்க. காலைல மருந்து விட்டுட்டுக் கூப்பிடறேன்."

மறுநாள் எட்டேகாலுக்குக் கூப்பிட்டார். மேப் வரையும் கருவியை இரவே மனைவியோடு உட்கார்ந்து ஒருவாறு பழகியிருந்தேன்.

"மொதல் சந்திப்பு. நாலு ரோடு. வடக்கேர்ந்து வர்றதைக் கொஞ்சம் சாச்சுப் போடுங்க."

"எவ்வளவு?"

"பெரிய வண்டி திரும்பறப்ப பின்சக்கரம் நடைபாதைல ஏறக் கூடாது. அவ்வளவு."

சாய்த்தேன். அந்தக் கருவியிலேயே ஒரு லாரியை ஓட்டவிட்டுப் பார்த்தேன். ஏறியது. இன்னும் சாய்த்தேன்.

இரண்டாவதில் சிக்னல் கம்பம் மரத்துக்கு முன்னால் வர வேண்டும். மூன்றாவதில் பஸ் நிறுத்தம் திருப்பத்தை விட்டு அறுபது அடி தள்ளி. நான்காவதில் ஒரு பெஞ்சு.

"பெஞ்சு எதுக்கு அத்தை? லாரிக்காரங்க எறங்க முடியாதே இந்த கேம்ல."

"எறங்கலன்னா என்ன? இருக்குன்னு தெரிஞ்சா போதும். போடுங்க."

போட்டேன். காகிதம் பார்த்தா சொல்கிறீர்கள் என்று கேட்டேன். இல்லை என்றார்.

"முப்பது வருஷம் எல்லா டிரைவரும் எங்கிட்டதான் வந்து பொலம்புவாங்க. எந்த மூலைல வண்டி திரும்பாது, எங்க சிக்னல் கண்ணுல படாது, எங்க வெயில் மூஞ்சில அடிக்கும். நான் என்ன பண்ண முடியும்? ஷிப்ட் எழுதறவ. கேட்டுக்குவேன். இப்ப அந்தக் கொறை எதுவும் இல்லாம ஒரு ரோடு போட்டேன். மறக்குமா? இருங்க, மருந்து நேரம்."

பின்னணியில் சித்தி எரிகிறது என்று முனகுவதும், "மூடாத, மூடாதடி, மேல பாரு" என்று அத்தை அதட்டுவதும் கேட்டன. போனை வைக்காமல் காத்திருந்தேன். அந்தக் காத்திருப்பில் ஜன்னல் வழியே எங்கள் தெருமுனையைப் பார்த்தேன். ஒரு குப்பை லாரி அங்கே திரும்ப முடியாமல் முன்னும் பின்னும் போய்க்கொண்டிருந்தது. இத்தனை வருடம் அந்த முனையை நான் ஒரு முனையாகப் பார்த்ததே இல்லை.

சாயங்காலத்துக்குள் ஆறு சந்திப்புகள் முடிந்தன. சனிக்கிழமைக்கும் லீவு போட்டேன். அன்று காலை முதலில் எட்டாவதைச் சொன்னார்.

"ஏழாவது?" என்றேன்.

"ஏழாவது எனக்கு வரவே இல்ல மாப்பிள்ளை. மூணு தடவ போட்டு மூணு தடவ அழிச்சேன். அஞ்சு ரோடு வந்து இடிச்சுக்குது. கடைசியா போட்டதும் கண்றாவியா இருந்துச்சு. அது போனதுல எனக்கு வருத்தமே கெடையாது. நீங்களே ஒண்ணு போடுங்க."

"நானா?"

"நீங்கதான அழிச்சீங்க," என்று சொல்லி வைத்துவிட்டார்.

சந்திப்புகள் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. கிடங்கின் முற்றத்தைத் தெரியும். எங்கள் முற்றத்தில் தினமும் இருபது லாரிகள் ஒன்றோடொன்று இடிக்காமல் வந்து போகின்றன. நடுவில் வட்டம், எல்லாரும் ஒரே திசையில் சுற்ற வேண்டும், தேவையான வாயில் வந்ததும் விலகிக்கொள்ள வேண்டும். அதையே பெரிதாக, மிக அகலமாகப் போட்டேன். மதியம்வரை இழைத்தேன். மனைவி எட்டிப் பார்த்து, "மைதானம் மாதிரி இருக்கு," என்றாள். பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன். முடிந்த மேப்பை ரிவர்ஸ் வழியாக எல்லாருக்கும் அனுப்பினேன்.

அன்று சாயங்காலம் அத்தை வந்தார். பையை வைத்தார், கை கழுவினார். "சாப்டீங்களா மாப்பிள்ளை?" "ஆச்சு அத்தை." மேப்பைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. இரண்டு நாள் மணிக்கணக்கில் பேசியவர்கள் நாங்கள்தானா என்று எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை என் ஷிப்டை ஒருவரிடம் மாற்றிக்கொண்டு வீட்டில் இருந்தேன். ஒன்பதே முக்காலுக்கு அத்தை நாற்காலியில் உட்கார்ந்து திரையைப் பார்த்தார்.

"என் ஐகான் எங்க?"

எல்லாம் இப்போது ஒரே லாஞ்சரில் இருக்கிறது, பாஸ்வேர்டு கேட்காது என்று திறந்து காட்டினேன். லாரிப் படத்துக்குக் கீழே இருந்ததைக் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் படித்தார்.

"ஆடிய நேரம், சைபர்." என்னைத் திரும்பிப் பார்த்தார். "இதப் பாத்துட்டுதான் அழிச்சீங்களா?"

"ஆமா அத்தை."

"பரவால்ல. நானா இருந்தாலும் அழிச்சிருப்பேன்," என்று சொல்லி ஹெட்செட்டை மாட்டினார். அதோடு அவர் குரல் மாறியது. "பத்து வண்டியும் லைட்டப் போடு. ஹாரன், நீ இன்ஜினை இப்பவே முறுக்காத. ரிவர்ஸ், நேராப் பாரு. கெளம்பலாம்."

நான் டீத் தம்ளரோடு சுவரில் சாய்ந்து நின்றேன். ஸ்பீக்கரிலும் அவர்கள் பேசுவது கேட்டது. முதல் சந்திப்பில் பத்து லாரிகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. பின்சக்கரம் எதுவும் நடைபாதையில் ஏறவில்லை. "அடேயப்பா, என்ன சுகமா திரும்புது," என்றது ஒரு குரல். இரண்டு, மூன்று, நான்கு. பெஞ்சைக் கடக்கும்போது மட்டும் கொஞ்சம் வேகம் குறைத்தார். ஐந்து, ஆறு. என் டீ ஆறிப்போயிருந்தது.

ஏழாவது வந்தது. அத்தை என் வட்டத்துக்குள் நுழைந்தார், பாதி சுற்றினார், மூன்றாவது வாயிலில் விலகி வெளியே போனார். வழி அவருக்குத் தெரியும். பின்னால் வந்த இரண்டு வண்டிகள் அவரைப் பார்த்துக்கொண்டே வந்துவிட்டன. நாலாவது வண்டிக்கு முன்னால் யாரும் தெரியவில்லை. வட்டம் அத்தனை அகலம். அப்போதுதான் எனக்கு உறைத்தது: நான் வழிகாட்டிப் பலகை ஒன்றுகூட வைக்கவில்லை. எங்கள் முற்றத்தில் பலகை கிடையாது. அங்கே எல்லாருக்கும் வழி தெரியும்.

"எழுபது, நான் ரெண்டாவது ரவுண்டு சுத்தறேன். எங்க வெளிய போறது?"

"நானும்தான் சுத்தறேன். என் முன்னாடி போறது யாரு?"

"நான் வெளிய வந்துட்டேன். ஆனா இது நாம வந்த ரோடு போலருக்கு. திரும்பி உள்ளயே வர்றேன்."

மேலேயிருந்து பார்க்கும் காட்சியில் ஏழு லாரிகள் என் வட்டத்தில் ராட்டினம்போல நிதானமாகச் சுற்றிக்கொண்டிருந்தன. எழுபதைத் தாண்டாமல்.

"எவன் போட்டது இந்த ரவுண்டானாவ?" என்றார் ஹாரன்.

"எங்க வீட்டு மாப்பிள்ளை," என்றார் அத்தை.

இன்ஜின் ஓசை மட்டும் கேட்டது.

"நல்லா அகலமா இருக்கு மேடம்," என்றார் ஹாரன் அவசரமாக. "காத்தோட்டமா இருக்கு."

உள்ளேயிருந்து மனைவியின் சிரிப்பு கேட்டது. அத்தை வண்டியை ஓரங்கட்டினார். ஹெட்செட்டைக் கழற்றினார். என்னை நோக்கி நீட்டினார்.

"உங்க சந்திப்பு. நீங்களே வெளிய கொண்டாங்க."

"நான் என்ன பேசறது அத்தை?"

"எங்கிட்ட ரெண்டு நாள் பேசினீங்கள்ல, அதே மாதிரி." எழுந்து என் கையிலிருந்த தம்ளரை வாங்கிக்கொண்டார். "டீ ஆறிப்போச்சு. சுட வெச்சுக் கொண்டாரேன். ஒண்ணும் அவசரமில்ல, சுத்தறவங்க சுத்தட்டும்."

அவர் நாற்காலியில் உட்கார்ந்தேன். இந்த முறை அதன் சூட்டுக்குச் சொந்தக்காரர் நாலு அடி தள்ளிச் சமையலறையில் அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டிருந்தார். ஹெட்செட்டில் ஏழு பேர் மூச்சு விடுவது கேட்டது. தொண்டையைச் செருமினேன்.

"வணக்கம்," என்றேன். யாரும் சிரிக்கவில்லை. அது தெம்பாக இருந்தது. "எல்லாரும் அப்படியே சுத்திக்கிட்டே இருங்க. வேகம் வேணாம். நீலக் கலர் வண்டி யாரோடது?"

"என்னோடது தம்பி, ஹாரன்."

"உங்களுக்கு எடது கைப்பக்கம் வரிசையா மூணு கம்பம் வரும். அத விடுங்க. அடுத்த வாய்ல விலகுங்க. இப்ப. ஆங், அதான்."

நீல லாரி வட்டத்தை விட்டு நழுவி, சரியான சாலையில் ஏறி, அத்தையின் லாரிக்குப் பின்னால் போய் நின்றது. வட்டத்தில் இன்னும் ஆறு பேர். சமையலறையில் தம்ளர்கள் இடிபடும் சத்தம் கேட்டது. ஒன்றல்ல, இரண்டு.

"அடுத்தது யாரு?" என்று கேட்டேன்.